தலை ஒட்டாத ஒரு வாரம்

நீங்கள் எப்போதாவது ஒரு பெண்ணின் தலையை வெட்டிவிட்டு, கையைக் கழுவிக்கொண்டு சாப்பிட உட்கார்ந்திருக்கிறீர்களா?

நான் உட்கார்ந்திருக்கிறேன். இடம், ஆம்பூரில் நான் குமாஸ்தாவாக இருக்கும் டேனரியின் பட்டைக் கொட்டகை. பங்குனி மாதத்து வெள்ளிக்கிழமை, மத்தியானச் சங்கு ஊதிப் பத்து நிமிஷம் ஆகியிருக்கும். வெட்டியது காகிதத்தில்தான். ஆனால் அவளுக்கு நான் வைத்த பெயர் நிஜப் பெயர். அந்தப் பெயருக்குச் சொந்தக்காரி நாலடி தள்ளிக் குந்தி, களி தின்றுகொண்டே என் கதையைக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

அஞ்சலை. ஆவாரம்பட்டை அரைக்கிற மெஷினில் பட்டை அள்ளிப் போடுவது அவள் வேலை. அரைத்த பட்டை ஊறிய தண்ணீரில்தான் தோல் பதமாகும். அந்தத் தூள் அவள் புருவத்தில் எப்போதும் பழுப்பாகப் படிந்திருக்கும். முப்பது வயதிலேயே நரைத்தவள் மாதிரி இருப்பாள்.

வெள்ளிக்கிழமை மெயில் ரயிலில் பட்டணத்திலிருந்து பத்திரிகை வரும். அதில் என் தொடர்கதை வரும். சாப்பாட்டு நேரத்தில் நானே உட்கார்ந்து கொட்டகைக்கு வாசித்துக் காட்டுவேன். பீற்றிக்கொள்வதற்குத்தான், வேறு எதற்கு? அன்றைக்குக் கடைசி வரி இது: ஒரே வீச்சு. இரண்டு தலைகள் மண்ணில் உருண்டன. ஒன்று தாயின் தலை. இன்னொன்று அஞ்சலையின் தலை. தொடரும்.

அஞ்சலைதான் விரலை நக்கிவிட்டுக் கேட்டாள்.

"என் தலை எந்தப் பக்கம் உருண்டுச்சி ரைட்டரே? மெஷின் பக்கம்னா சொல்லுங்க, போய் எடுத்தாறேன்."

கொட்டகையே சிரித்தது. எங்கள் பக்கம் டேனரி குமாஸ்தாவை ரைட்டர் என்றுதான் கூப்பிடுவார்கள், கதை எழுதினாலும் எழுதாவிட்டாலும். நானும் சிரித்தேன். பத்திரிகையை மடித்து வைத்துவிட்டு, சிநேகிதன் கௌஸ் கொண்டுவந்த பிரியாணியில் பாதியைத் தின்றேன்.

திங்கட்கிழமை அஞ்சலை வேலைக்கு வரவில்லை.

பெயர் இல்லாதவள்

பத்திரிகையில் போன வாரம் வந்த இந்தக் குறிப்பின் முதல் பகுதிக்கு அரக்கோணத்திலிருந்து ஒரு வாசகர் கடிதம் போட்டிருக்கிறார். மீசை முளைத்து முழுசாகப் பத்து வருஷம் ஆகாதவனுக்கு நினைவுக் குறிப்பு எதற்கு என்று கேட்கிறார். ஐயா, நியாயமான கேள்வி. எனக்கு ஞாபகம் வைத்துக்கொள்ள அதிகம் இல்லை. இந்த ஒரு வாரம்தான் இருக்கிறது, அது மறக்கமாட்டேன் என்கிறது.

கதையைச் சொல்லிவிடுகிறேன். எங்கள் ஜில்லாவில் கூத்து பார்த்த எல்லோருக்கும் தெரிந்த கதைதான். முனிவர் ஒருவரின் மனைவி, பத்தினி. ஆற்று மணலைக் கையால் பிடித்தே குடமாக்கித் தண்ணீர் கொண்டுவருகிறவள். ஒருநாள் தண்ணீரில் வானத்தில் போகிற ஒருவனின் நிழலைப் பார்க்கிறாள். மனசு ஒரு கணம் அசைகிறது. குடம் கரைந்துபோகிறது. முனிவர் மகனைக் கூப்பிட்டு, வெட்டுடா உன் அம்மாவை என்கிறார்.

தாய் ஓடுகிறாள். ஊருக்குள் யாரும் கதவைத் திறக்கவில்லை. கடைசியில் தோல் வேலை செய்கிறவர்களின் சேரிக்குள் ஓடுகிறாள். அங்கே ஒருத்தி அவளை இழுத்துக் கட்டிப்பிடித்துக்கொள்கிறாள். மகன் இரண்டு பேரையும் சேர்த்தே வெட்டிவிடுகிறான். அப்பா மனம் இறங்கி, தலையை ஒட்டினால் உயிர் வரும் என்று வரம் கொடுக்கிறார். பையன் அவசரத்தில் தலைகளை மாற்றி ஒட்டிவிடுகிறான். தாயின் தலையும் சேரிப் பெண்ணின் உடம்புமாக எழுந்தவள்தான் மாரி. வெயில் காலத்தில் நம் வீடுகளுக்கு அம்மை முத்துப் போட வருகிறவள்.

வேலூரில் காலேஜ் படித்தபோது இந்தக் கதையைப் பார்த்து எனக்குக் கோபம் வந்தது. காப்பாற்றப்போய்ச் செத்தாளே அந்தப் பெண், அவள் பெயர் என்ன? கூத்துக்காரர்களைக் கேட்டேன். கோயில் பூசாரியைக் கேட்டேன். "அவளுக்கு ஏது தம்பி பேரு" என்றார் பூசாரி, நான் ஏதோ ஆட்டின் பெயரைக் கேட்ட மாதிரி.

சரி, நான் எழுதுகிறேன் என்று உட்கார்ந்தேன். என் நாவலில் அற்புதம் கிடையாது, எல்லாவற்றுக்கும் காரணம் உண்டு. மணல் குடத்துக்கு என்ன காரணம்? பாலாற்றில் ஊற்றுத் தோண்டினவர்களுக்குத் தெரியும், ஈர மணலைக் கிண்ணமாகப் பிடித்தால் கொஞ்ச நேரம் தண்ணீர் நிற்கும். வானத்தில் போனவன்? குதிரையில் போன ஒரு ஆள், நிழல் தண்ணீரில் விழுந்தது. தலை ஒட்டுகிற இடத்துக்கு மட்டும் காரணம் கிடைக்கவில்லை. வேலூரில் தெரிந்த ஒரு கம்பவுண்டரிடம் போய், வெட்டின தலை ஒட்டுமா என்று கேட்டேன். அவர் என் நாக்கை நீட்டச் சொல்லிப் பார்த்தார்.

ஒட்டாது என்று முடிவு செய்தேன். அடுத்த அத்தியாயத்தில் இரண்டு பெண்களும் செத்துப்போகிறார்கள். ஊர், செய்த பாவத்துக்குப் பயந்து கல் நட்டுக் கும்பிடுகிறது. அவ்வளவுதான் சாமி. இதை எழுதி முடித்ததும் எனக்கு நானே கை கொடுத்துக்கொண்டேன். அந்த வெள்ளிக்கிழமைக்கு முன்னாலேயே அதைப் பட்டணத்துக்குத் தபாலில் போட்டுவிட்டேன்.

பெல்ட்

அஞ்சலை பெயரை ஏன் வைத்தேன் என்றும் சொல்லவேண்டும்.

நான் வேலைக்குச் சேர்ந்த புதிது. பட்டை மெஷினை ஓட்டுகிற தோல் பெல்ட்டில் ஒரு பெண்ணின் முந்தானை மாட்டிக்கொண்டது. பெல்ட் அவளைச் சக்கரத்துப் பக்கம் இழுக்கிறது. பத்து ஆம்பிளைகள் நின்றோம். எல்லோரும் மெஷினை நிறுத்து என்று கத்தினோம். நிறுத்துகிற கம்பி எங்கே இருக்கிறது என்று யாருக்கும் அப்போது ஞாபகம் வரவில்லை.

அஞ்சலை கத்தவில்லை. ஓடிப்போய் அந்தப் பெண்ணை முதுகோடு சேர்த்துக் கட்டிப்பிடித்து, அப்படியே பின்னால் விழுந்தாள். துணி கிழிந்தது. இரண்டு பேரும் பட்டைக் குவியலில் கிடந்தார்கள். அஞ்சலையின் வலது கையில் மணிக்கட்டிலிருந்து முழங்கை வரைக்கும் பெல்ட் உரசித் தோல் உரிந்திருந்தது. பின்னால் அது நீளத் தழும்பாகி, தோலில் சூடு போட்ட மாதிரி பளபளத்தது.

நீயும் மாட்டியிருப்பாயே என்று கேட்டேன். அதையெல்லாம் ரோசிச்சிக்கினு இருந்தா அவ போய்ட்டிருப்பா என்றாள்.

கதையில் அந்தச் சேரிப் பெண் ஏன் கட்டிப்பிடித்தாள் என்று வெகுநாள் மண்டையை உடைத்துக்கொண்டிருந்தேன். அன்றைக்குத் தெரிந்துபோனது. அதனால்தான் பெயரை வைத்தேன். மரியாதை செய்வதாகத்தான் நினைத்தேன்.

ஜன்னலுக்கு வெளியே

புதன்கிழமை பதினோரு மணிக்கு என் மேஜைக்குப் பக்கத்து ஜன்னலில் வெளிச்சம் மறைந்தது. நிமிர்ந்தால் முனுசாமி. அஞ்சலையின் புருஷன். சுண்ணாம்புக் குழியில் தோலின் முடியைக் கழற்றுகிறவன். குழி வேலைக்காரர்களின் கை எப்போதும் வெளுத்து வெடித்திருக்கும். அந்தக் கையில் அன்று வேப்பிலைக் கொத்து இருந்தது. வேட்டி மஞ்சளில் முக்கியது. ஜன்னல் கம்பியைத் தொடாமல் தள்ளியே நின்றான்.

"ஊட்டுக்கு அம்மா வந்துகீறா, ரைட்டரய்யா."

யாருடைய அம்மா என்று நான் கேட்கவில்லை. எங்கள் பக்கத்தில் பிறந்தவன் கேட்கமாட்டான். பேனாவைக் கீழே வைத்தேன். மசி சிந்தி ரசீதில் பரவியது. துடைக்கத் தோன்றவில்லை.

முத்து எப்போது போட்டது என்று கேட்டேன். திங்கட்கிழமை காய்ச்சல், நேற்று முகத்தில் கண்டது, இன்று கால் வரைக்கும் வந்துவிட்டது என்றான். டாக்டரைப் பார்த்தாயா என்றேன். வேப்பிலையை மறு கைக்கு மாற்றிக்கொண்டு, வந்த விஷயத்தைச் சொன்னான்.

"ஆத்தா கதைய எடுத்தா முடிக்காம எழுந்திருக்கக் கூடாதுங்க. எங்க பக்கம் கூத்துல கூட மழை வந்தாலும் தலைய ஒட்ட வெச்சிட்டுத்தான் திரை புடிப்பாங்க. நீங்க வெட்டிட்டு அப்டியே மடிச்சி வெச்சிட்டீங்க. அதுவும் இவ பேர்ல. வந்து ஒட்ட வெச்சிட்டுப் போங்க."

அவன் கோபப்பட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். கதவில் தாழ்ப்பாள் சரியில்லை, வந்து பார் என்று தச்சனைக் கூப்பிடுகிற குரலில் சொன்னான்.

படித்தவன் அல்லவா, ஆரம்பித்தேன். இது கிருமியால் வருகிற வியாதி, என் கதை அச்சாவதற்கு முன்னாலேயே அந்தக் கிருமி உடம்பில் புகுந்திருக்கும், காகிதத்தில் வெட்டினால் கழுத்தில் விழாது என்றெல்லாம் ஐந்து நிமிஷம் பேசினேன். முழுசாகக் கேட்டான்.

"இருக்கட்டுங்க. கிருமியும் கீது. கதையும் கீதே."

காலேஜில் மூன்று வருஷம் தர்க்கம் படித்தவன், மசி சிந்தின ரசீதை அப்போதுதான் துடைக்க ஆரம்பித்தேன்.

தழும்பு இல்லாத கை

இதுவரைக்கும் யாரிடமும் சொல்லாத ஒன்று. எனக்கு அம்மைத் தடுப்பூசி குத்தியது கிடையாது.

அப்பா ஜோலார்பேட்டையில் ரயில்வே பாயிண்ட்ஸ்மேன். குவார்ட்டர்ஸுக்கு அம்மை குத்துகிறவர் வந்த அன்று நான் ஓடிப்போய் நின்றிருந்த ஒரு கூட்ஸ் வண்டிக்குள் ஒளிந்துகொண்டேன். உள்ளே உப்புப் போட்ட பச்சைத் தோல். நாற்றம் குடலைப் பிடுங்கியது. வண்டி புறப்பட்டுவிட்டது. ஆம்பூரில் கதவைத் திறந்து என்னை இறக்கினார்கள். நான் இந்த ஊருக்கு முதல்முதலாக வந்த விதம் அதுதான். அப்பா அடித்த அடியில் ஊசியை எல்லோரும் மறந்துபோனார்கள். காலேஜில் சேரும்போது அம்மை குத்தின தழும்பைக் காட்டு என்றார்கள். கட்டி வந்து ஆறின வடுவைக் காட்டினேன்.

அப்படிப்பட்டவன்தான் பகுத்தறிவுக் கூட்டங்களில் மேடையேறி மூடநம்பிக்கையைக் கிழித்துக்கொண்டிருந்தேன்.

முனுசாமி போனதும் கௌஸிடம் ஓடினேன். கௌஸ் என் தோஸ்த், தோலைத் தொட்டுப் பார்த்துத் தரம் பிரிக்கிறவன். ஐந்து வயதில் பெரியம்மை வந்து பிழைத்தவன், முகமெல்லாம் குழி. கேட்டுவிட்டு, வந்தவனுக்கு மறுபடி வராது, நானே போய் உன் கதையைப் படிக்கிறேன் என்றான். அவனுக்கு உருது மட்டும்தான் படிக்கத் தெரியும். அதோடு, வெட்டினவன்தான் ஒட்டவேண்டும் என்று முனுசாமி சொல்லியிருந்தான்.

என் பயத்தைச் சொன்னேன். கட்டி வடுவையும் சொன்னேன். கௌஸ் சிரிக்கவில்லை.

"எழுதுறப்போ பயம் கம்மி, போறப்போ பயம் ஜாஸ்தியா? எனக்கு வந்தப்போ என்னைப் பெத்த அம்மி வாசல்ல வேப்பிலை கட்டினாங்க. துவாவும் ஓதினாங்க. எது கேட்டுச்சின்னு இன்னிக்கும் தெரியாது. நீ மொதல்ல குத்திக்க, அப்புறம் போய்க் கதை சொல்லு."

நேராக முனிசிபாலிட்டி ஆபீஸுக்கு இழுத்துக்கொண்டு போனான். அம்மை குத்துகிறவர் என் இடது கையில் இரண்டு இடத்தில் கீறினார். இந்த வயதில் என்ன திடீர் ஞானம் என்றார். இது பிடிக்க எத்தனை நாள் ஆகும் என்று கேட்டேன். ஒரு வாரம் என்றார். இன்னும் ஒரு மணி நேரத்தில் நான் அந்த வீட்டில் இருப்பேன் என்பதை அவரிடம் சொல்லவில்லை.

அந்த அறை

நானும் கௌஸும் பாலாற்று மணலில் நடந்து அக்கரைக்குப் போனோம். மத்தியான வெயில். செருப்புக்குள் புகுந்த மணல் சுட்டது. மேடையில் மூன்று தடவை சேரியைப் பற்றிப் பேசியிருக்கிறேன். சேரிக்குள் கால் வைத்தது அன்றைக்குத்தான்.

தெருவே வாயை மூடிக்கொண்டிருந்தது. எந்த வீட்டிலும் தாளிக்கிற வாசனை இல்லை. முனுசாமி வீட்டு வாசலில் வேப்பிலைத் தோரணம், ஒரு சட்டியில் மஞ்சள் தண்ணீர். காலை நனைத்துக்கொண்டோம். உள்ளே போகுமுன் முனுசாமி என் காதில் சொன்னான், இங்கே இவள் பெயரை மட்டும் சொல்லிவிடாதீர்கள் என்று. ஆத்தா இறங்கியிருக்கிற உடம்பை மனுஷப் பெயரால் கூப்பிடக்கூடாது.

உள்ளே போனதும் முதலில் இருட்டு. பிறகு நாற்றம். பதினைந்து வருஷத்துக்கு முன்னால் அந்தக் கூட்ஸ் வண்டியில் அடித்த நாற்றத்துக்குப் பக்கத்தில் வரும். பிறகு வாழை இலை. இலைமேல் ஒருத்தி.

அது அஞ்சலை இல்லை. அப்படித்தான் நினைத்தேன். முகம் என்று ஒன்று இல்லை. முத்துமேல் முத்து. கண் இருக்கவேண்டிய இடத்தில் இரண்டு வீக்கம். உதடு வெடித்து ஈ உட்கார, முனுசாமி வேப்பிலையால் ஓட்டினான். ஆள் மாறி வந்துவிட்டோம், திரும்பிவிடலாம் என்று கால் சொல்லியது. அப்போது வலது கை தெரிந்தது. முத்துகளுக்கு நடுவில் பெல்ட் தழும்பு.

உட்கார்ந்தேன்.

சட்டைப்பையில் அடுத்த அத்தியாயத்தின் நகல் இருந்தது. இரண்டு பேரும் செத்துப்போகிற அத்தியாயம். அதை எடுக்கக் கை வரவில்லை. வாயாலேயே ஆரம்பித்தேன். இரண்டு தலைகளும் மண்ணில் கிடந்தன. ஒன்று தாயின் தலை. இன்னொன்று...

நிறுத்தினேன். பெயரைச் சொல்லக்கூடாது. அவளுடையது என்றேன்.

அந்த இடத்தில்தான் எனக்கு உறைத்தது. பழைய ஆட்கள் அவளுக்குப் பெயர் வைக்க மறந்தார்கள் என்று நான் கோபப்பட்டிருந்தேன். பாதி பேர் திமிரில் மறந்தவர்கள்தான், அதில் இன்றைக்கும் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் இந்த மாதிரி அறைகளில் உட்கார்ந்து கதை சொன்னவர்களும் இருந்திருப்பார்கள். அவர்களுக்கு எதிரில் யாராவது ஒருத்தி இலைமேல் கிடந்திருப்பாள். எந்தப் பெயரை அவர்கள் சொல்லியிருக்க முடியும்?

அப்பா வரம் கொடுக்கிறார், மகன் தண்ணீரோடு ஓடி வருகிறான், தலைகளை எடுக்கிறான் என்பது வரைக்கும் வந்துவிட்டேன். இலைமேலிருந்து சத்தம் வந்தது. குரல் என்று சொல்லமுடியாது, மூச்சில் வார்த்தை ஒட்டிக்கொண்டு வந்தது.

"அவ ஒடம்பு எனக்கு வேணாம். என் ஒடம்ப எனக்கே வெச்சிரு."

சரி, அப்படியே வைத்துவிடலாம், யார் தடுப்பது என்று வாயைத் திறந்தேன். முனுசாமி என் தோளைப் பிடித்தான்.

"மாத்தி வெச்சாத்தானே ஆத்தா. மாத்தலன்னா ஆத்தாவே இல்லியே. அப்புறம் யாரைப் பாத்து எறங்கிப் போம்மான்னு நான் கும்புடுவேன்?"

வாசலில் நின்ற கௌஸும் என்னைப் பார்த்தான். மாற்றி வைத்தால் அவள் தன் உடம்பை இழக்கிறாள். மாற்றாவிட்டால் அவன் தன் சாமியை இழக்கிறான். நான் எழுதினபடி சொன்னால் கதையில் இரண்டு பெண்களும் சாகிறார்கள். என் பகுத்தறிவைச் சுரண்டிப் பார்த்தேன். அது அந்த அறையில் மூக்கைப் பிடித்துக்கொண்டு நின்றது.

என்ன சொன்னேன் என்பதை அப்படியே எழுதுகிறேன். யோசித்துச் சொன்னது இல்லை, பயத்தில் வந்தது.

பையன் மாற்றித்தான் வைத்தான் என்றேன். ஆத்தா அவள் உடம்போடு எழுந்தாள். எழுந்த உடனே இடுப்பு வலித்தது, பட்டை தூக்கின இடுப்பு. கை எரிந்தது, பெல்ட் உரசின கை. வயிறு பசித்தது. ஆத்தாவுக்கு அதுவரைக்கும் பசி தெரியாது. இந்த உடம்பில் இவ்வளவு பாடு இருக்கிறதா என்று ஆத்தா அழுதாள். இது என் உடம்பு இல்லை, என்னைக் கட்டிப்பிடித்துக் காப்பாற்றப் பார்த்தவளுடையது, நான் குடியிருக்க வந்தவள் என்று சொன்னாள். சொல்லிவிட்டு உடம்பைத் திருப்பிக் கொடுத்துவிட்டு இறங்கிப் போனாள்.

முனுசாமி கையெடுத்துக் கும்பிட்டான். யாரைக் கும்பிட்டான் என்று தெரியவில்லை.

இலைமேலிருந்து, "எப்போ குடுத்தா?" என்று வந்தது.

எட்டாம் நாள் என்றேன்.

ஏன் சொன்னேன்? வாரத் தொடர் எழுதுகிறவன் வாயில் வெள்ளிக்கு வெள்ளி எட்டு நாள்தான் வரும். வெளியே வந்து மணலில் பாதி தூரம் நடந்த பிறகுதான் என்ன செய்துவிட்டேன் என்று புரிந்தது. ஒரு உயிருக்குத் தேதி குறித்துவிட்டு வந்திருக்கிறேன்.

ஏழு பிரதிகள்

அன்றே பத்திரிகைக்குத் தந்தி கொடுத்தேன், இந்த வார அத்தியாயத்தை நிறுத்தவும் என்று. ஏற்கெனவே அச்சாகிவிட்டது, வாழ்த்துகள், பிரமாதமான முடிவு என்று பதில் வந்தது.

ஆம்பூருக்கு ஏழு பிரதிகள் வரும். வெள்ளிக்கிழமை மெயில் வந்ததும் நானும் கௌஸும் பிளாட்பாரத்திலேயே பத்திரிகைக் கட்டை வாங்கிக்கொண்டோம். ஏஜெண்டு, கதை எழுதினவனே எல்லாவற்றையும் வாங்குகிற அதிசயத்தைப் பார்த்துச் சிரித்தார். அஞ்சலை செத்தாள் என்று ஏழு தடவை அச்சடித்திருந்தது. சேரியில் எழுத்துத் தெரிந்த யாராவது ஒருவர் கையில் ஒன்று போய்ச் சேர்ந்தால் போதும்.

ஆறு பிரதிகளைப் பட்டைத் தொட்டியில் அமுக்கினோம். காகிதம் தோல் மாதிரி பழுப்பாகி அடியில் போனது. ஏழாவதை நான் சட்டைக்குள் வைத்துக்கொண்டேன். கௌஸ் பார்த்துவிட்டான். "அதையும் போடு." நான் போடவில்லை. என் எழுத்து. அவ்வளவுதான் காரணம், இதைவிடக் கௌரவமான காரணம் ஒன்றும் இல்லை.

சாப்பாட்டு நேரத்தில் கொட்டகையில் எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். பத்திரிகை வரவில்லை என்றேன். அது நெஞ்சுக்குமேல் சட்டைக்குள் சூடாக இருந்தது.

அடுத்த நாட்களைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தேன். தினமும் கண்ணாடியில் நாக்கு, நெற்றி, உள்ளங்கை. நான் தங்கியிருந்த வீட்டுக்காரர் எங்கே போய் வந்தேன் என்று தெரிந்து பாயையும் பெட்டியையும் வெளியில் வைத்துவிட்டார். டேனரி கிடங்கில் படுத்தேன். ஏழாம் நாள் குளிர் எடுத்தது. எட்டாம் நாள் காலையில் காய்ச்சல் கொதித்தது, அக்குளில் நெறி கட்டியது. வந்துவிட்டது என்று முடிவு செய்து அப்பாவுக்குக் கார்டு எழுத உட்கார்ந்தேன். கௌஸ் என் சட்டையைக் கழற்றி இடது கையைக் காட்டினான். கீறின இடம் இரண்டும் சிவந்து கொப்புளமாகியிருந்தன. ஊசி பிடித்திருக்கிறது என்றான். நம்பவில்லை. கார்டை எழுதி முடித்தேன்.

பதினோரு மணிக்கு என் மேஜை ஜன்னலில் வெளிச்சம் மறைந்தது.

முனுசாமி. அதே இடம். கையில் வேப்பிலை இல்லை. இல்லாதது நல்லதா கெட்டதா என்று தெரியவில்லை.

"களி கேட்டா" என்றான்.

நான் மேஜையைப் பிடித்துக்கொண்டேன். அவன் இன்னும் போகவில்லை.

"எடது கண்ண மட்டும் ஆத்தா வெச்சிக்கினா."

நகராத கண்

அம்மை இறங்கி மூன்று தண்ணீர் ஊற்றி, ஒன்றரை மாதம் கழித்து அஞ்சலை வேலைக்கு வந்தாள். முகம் கௌஸ் முகத்துக்குத் தங்கை மாதிரி ஆகியிருந்தது. கௌஸே அதைச் சொன்னான், அவளும் சிரித்தாள். இடது கண்ணில் வெள்ளையாகப் பூ விழுந்திருந்தது.

முதல் வெள்ளிக்கிழமையே கேட்டாள், நான் படுத்துக்கொண்டு கேட்டது அரையும் குறையுமாக இருக்கிறது, அச்சில் வந்ததைப் படி என்று. கொட்டகை முழுக்க உட்கார்ந்தது. ஏழாவது பிரதியைக் கொண்டுவந்தேன். விரித்துப் பிடித்துக்கொண்டு, அச்சில் இல்லாத கதையை வாசித்தேன். ஆத்தா எழுந்தாள், இடுப்பு வலித்தது, பசித்தது, திருப்பிக் கொடுத்தாள். நன்றாகவே வாசித்தேன். இரண்டு பேர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

சங்கு ஊதி எல்லோரும் எழுந்து போன பிறகு அஞ்சலை மட்டும் நின்றாள். குரலைத் தாழ்த்தித்தான் பேசினாள்.

"மத்த வாரம்லாம் படிக்கச்சொல்ல உங்க கண்ணு இப்டி இப்டி ஓடும் ரைட்டரே. இன்னிக்கி நகரவே இல்ல."

நான் பத்திரிகையை மடித்தேன்.

"அதுல நான் செத்துட்டனா?"

ஆமாம் என்றேன். பொய் சொல்ல இன்னொரு தடவை தெம்பு இல்லை.

கோபப்படுவாள், அழுவாள், ஆத்தா பெயரைச் சொல்லித் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். தழும்புக் கையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்:

"எழுதினா நடக்காதுன்னு எங்க ஊட்டுக்காரர்கிட்ட சொன்னீங்களாமே. அப்புறம் இன்னாத்துக்கு அதை ஒளிச்சி வெச்சீங்க?"

பதிலுக்கு நிற்காமல் பட்டை அள்ளப் போய்விட்டாள்.

தொடரைப் புத்தகமாகப் போடுகிறார்கள். கடைசி அத்தியாயத்தை இறுதி செய்து அனுப்பச் சொல்லிப் பட்டணத்திலிருந்து நேற்று மூன்றாவது கடிதம் வந்தது. அச்சான முடிவும் அந்த அறையில் சொன்ன முடிவும் மேஜைமேல் கிடக்கின்றன, இன்னும் எதையும் அனுப்பவில்லை.